தம்ளரில் ஏறிய தண்ணீர்

ஆகஸ்ட் 4

அண்ணா,

நீ என்னைக் காட்டிக்கொடுத்துவிட்டாய். யாரிடமோ காதோடு காதாகச் சொல்லியிருந்தால்கூட இல்லையென்று மறுத்துவிடலாம். நீ கேமரா முன்னால், நல்ல வெளிச்சத்தில், தலையைப் படிய வாரிக்கொண்டு சொல்லியிருக்கிறாய். நேற்றுக் காலை பதினோரு மணிக்கு நான் அதைப் பார்த்தேன்.

கூட்ட அறையில் நானும் நம் வக்கீலம்மாவும். எதிரே பதினெட்டும் அவனுடைய இரண்டு ஆட்களும். வந்ததும் ரிமோட்டைத் தேடி ஏசியைப் பதினெட்டுக்கு இறக்கினான். நம் கம்பெனியில் பணம் போட்ட இந்த மூன்று வருடமாக எந்த அறைக்குள் வந்தாலும் அவன் செய்கிற முதல் வேலை அதுதான். லைட் ஆட்கள் சும்மாவா அந்தப் பெயரை வைத்தார்கள். பணம் போட்டவனுக்குக் குளிராது. வேலை செய்கிறவன்தான் துண்டைப் போர்த்திக்கொள்ள வேண்டும்.

பிறகு சுவரில் படத்தை ஓடவிட்டான். நாற்பது விநாடி. நம் நிகழ்ச்சியில் போட்டியாளர்கள் தனியாக உட்கார்ந்து கேமராவிடம் புலம்புவார்களே, அந்த மனசு அறையின் நாற்காலியில் நீ. "அவளால கம்பெனிய நடத்த முடியாது. அவ கையில குடுத்தா ஒரே வருஷத்துல பூட்டுப் போட வேண்டியதுதான். கோபம்தான் இருக்கு, நிதானம் இல்ல." உன் குரல், உன் முகம். பேசும்போது காதைச் சொறிகிற அந்தப் பழக்கம்கூட அப்படியே இருந்தது.

"உங்க அண்ணனே சொல்றாரும்மா. நான் வேற என்னத்த சொல்ல?" என்றான். ராஜினாமாக் கடிதம் அடித்துத் தயாராக இருந்தது. கையெழுத்துப் போட்டால் 'படைப்பு ஆலோசகர்' என்று ஒரு பதவி தருவானாம். நான் பேனாவைக் கையில் எடுத்துவிட்டேன் அண்ணா. அதையும் தெரிந்துகொள். வக்கீலம்மா முழங்கையில் தட்டியதால் தப்பித்தேன்.

25ஆம் தேதி பங்குதாரர் கூட்டம். என்னை நீக்க ஒரு தீர்மானம். நிகழ்ச்சியைப் பெரிய கம்பெனிக்கு விற்றுவிட்டு, நம் ஆட்கள் அறுபத்திரண்டு பேரையும் வீட்டுக்கு அனுப்பி, நாள் கூலிக்கு ஆள் பிடிக்க இன்னொரு தீர்மானம். நூற்றுக்கு நாற்பத்தெட்டு அவனுடையது. உன்னுடையது இருபத்தாறு, என்னுடையது இருபத்தாறு. நாம் இருவரும் சேர்ந்து நின்றால் அவனால் ஒரு நாற்காலியைக்கூட நகர்த்த முடியாது. சேர்ந்து நிற்கிறோமா என்பதுதான் இப்போது எனக்குத் தெரியவில்லை.

நிகழ்ச்சி வீட்டுக்குள்ளேயே இருந்து படப்பிடிப்பை நடத்துகிற உனக்குப் போன் செய்யவும் வழியில்லை. பன்னிரண்டு பேரை அறுபது நாள் ஒரு வீட்டில் பூட்டிவைத்து அவர்களுக்குப் போன் கொடுக்கவில்லையென்றால் நமக்கும் கிடையாது என்று விதி போட்டவன் நீ. ஆபீஸ் மெயிலை அவன் ஆட்கள் படிக்கிறார்கள். அதனால் சலவை வேன் ஓட்டுகிற அக்காவிடம் இதைக் கொடுத்தனுப்புகிறேன், தலையணை உறைகளுக்கு நடுவில் வைத்து.

ஒரு வரி பதில் போதும். சொன்னாயா, இல்லையா?

தங்கை


ஆகஸ்ட் 7

வாயாடிக்கு,

உன் கடிதம் சோப்பு வாசனையோடு வந்தது. பிரித்தால் உள்ளே மிளகாய்.

சொன்னேன். ஒவ்வொரு வார்த்தையும் என் வாயிலிருந்து வந்ததுதான். போதுமா?

டயர் கடைக்குப் பின்னால் தகரக் கொட்டகையில், இரவல் கேமராவை வைத்துக்கொண்டு ஆரம்பித்தோம். பதினாலு வருடம். அதையெல்லாம் நாற்பது விநாடிப் படம் தூக்கிச் சாப்பிட்டுவிட்டது. பேனாவையும் எடுத்துவிட்டாய். அந்தப் பேனா அங்கே எப்படி வந்தது என்று யோசித்தாயா? அவனை இந்தக் கம்பெனிக்குள் கூட்டிக்கொண்டு வந்தது யார்? "காசு இருக்கறவங்க எல்லாரும் கெட்டவங்க இல்லண்ணா" என்று என்னிடம் சொன்னது யார்? உலகத்து முதலாளிகளையெல்லாம் வரிசையில் நிற்கவைத்துத் திட்டுகிற நீ. அன்றைக்கு நான் வாயை மூடிக்கொண்டிருந்தேன். இன்றைக்கும் மூடிக்கொள்ள வேண்டுமா?

இங்கே இருபத்திரண்டாம் நாள். ஓய்வுபெற்ற கண்டக்டருக்கும் அழகு நிலையம் நடத்துகிற அம்மாவுக்கும் குளியலறை வாளிக்காகச் சண்டை. "உங்க வாளின்னு பேரு எழுதியிருக்கா?" என்று அவர் கேட்டார். "எழுதத்தான் போறேன்" என்று அந்த அம்மா உள்ளே போய் நகப்பூச்சை எடுத்துக்கொண்டு வந்து உண்மையிலேயே எழுதிவிட்டார். ஆறு கேமராவும் அந்த வாளியையே பார்த்துக்கொண்டிருந்தன. வெள்ளிக்கிழமைக்கு உனக்கு நல்ல தீனி.

தங்கையிடம் பேசி முடித்தாயிற்று. இனி எடிட்டரிடம் பேசுகிறேன். அந்த நாற்பது விநாடியைத் திரும்பப் போட்டுப் பார். என் முகத்தைப் பார்க்காதே. பக்கத்து ஸ்டூலில் இருக்கும் தம்ளரைப் பார். வேலைக்குப் புதிதாக வருகிற ஒவ்வொருவரிடமும் முதல் நாள் நீ என்ன சொல்வாய் என்று ஞாபகம் இருக்கிறதா?

அண்ணன்


ஆகஸ்ட் 11

அண்ணா,

தண்ணீர் ஏறுகிறது.

வக்கீலம்மாவிடம் இருந்த பிரதியைப் போட்டுப் பார்த்தேன். "பூட்டுப் போட வேண்டியதுதான்" என்னும்போது தம்ளர் பாதிக்குக் கீழே. "கோபம்தான் இருக்கு" என்னும்போது முக்கால். குடிக்கக் குடிக்க ஏறுகிற தண்ணீரை நான் எங்கேயும் பார்த்ததில்லை. ஒரு பேச்சின் கடைசியை முன்னாலும் தொடக்கத்தைப் பின்னாலும் ஒட்டியிருக்கிறார்கள். 'பேச்சை ஒட்டலாம், தண்ணீரை ஒட்ட முடியாது, வெட்டுவதற்கு முன்னால் தம்ளரைப் பார்' என்று இருபது பேருக்காவது சொல்லிக்கொடுத்திருப்பேன். என் அண்ணன் முகத்தைப் பார்த்த அவமானத்தில் எனக்கே அது தெரியாமல் போய்விட்டது.

வெட்டியது யார் என்றும் தெரிந்துவிட்டது. நம் சுருட்டை. நான்கு வருடம் என் பக்கத்து நாற்காலியில் உட்கார்ந்து கற்றுக்கொண்டு, மார்ச்சில் பதினெட்டின் இன்னொரு கம்பெனிக்குப் போனானே, அவன்தான். போன் செய்தேன்.

"மேடம், படத்தைக் கொஞ்சம் பெருசு பண்ணியிருந்தா தம்ளர் ஃப்ரேமுக்கு வெளியில போயிருக்கும். அது கூடவா எனக்குத் தெரியாது?"

"அப்புறம் ஏன்டா பண்ணல?"

"வெட்டச் சொன்னாங்க, வெட்டினேன். வீட்டு வாடகை மேடம். தம்ளரைப் பத்தி யாரும் ஒண்ணும் சொல்லல." வைத்துவிட்டான்.

அவனைத் திட்டவா கும்பிடவா என்று தெரியவில்லை.

இப்போது முக்கியமான விஷயத்துக்கு வருகிறேன். அந்தப் படம் கூட்டத்துக்காகச் செய்ததில்லை, எனக்காகச் செய்தது. உன்மேல் கோபித்துக்கொண்டு 25ஆம் தேதி வரை நான் உன்னிடம் பேசாமல் இருந்தால் அவனுக்குப் போதும். ஏனென்றால் ஒவ்வொரு சீசனுக்கும் வீட்டுக்குள் போகும் முன் நீ ஒரு ஃபாரத்தில் கையெழுத்துப் போட்டுவிட்டுப் போவாய். 'எனக்குப் பதிலாக இன்னார் ஓட்டுப் போடலாம்' என்பது. அவசரத்துக்கு யார் கிடைக்கிறார்களோ எழுதிக்கொள்ளட்டும் என்று பெயரைக் காலியாக விட்டுவிட்டுப் போவாய். லாக்கரைத் திறந்து பார்த்தேன். ஃபாரம் இல்லை. லாக்கருக்கு மூன்று சாவி. இரண்டு என்னிடம் இருக்கிறது.

போட்டிக்கு வருகிறவர்களிடம் முப்பது பக்க ஒப்பந்தத்தை நீட்டி, "படிக்க வேணாங்க, எல்லாம் வழக்கமானதுதான்" என்று சொல்லி கையெழுத்து வாங்குகிற கம்பெனி இது. அதன் முதலாளி வெற்று ஃபாரத்தில் கையெழுத்துப் போட்டு வைத்திருக்கிறான். நன்றாக இருக்கிறது.

பேனாவை எடுத்ததற்கும் அவனைக் கூட்டிவந்ததற்கும் சேர்த்து மன்னிப்புக் கேட்கிறேன். ஒரு முறைதான் கேட்பேன், பத்திரமாக வைத்துக்கொள். நீ நேரில் வந்தால் அந்த ஃபாரம் செல்லாது என்கிறார் வக்கீலம்மா. வா.

தங்கை


ஆகஸ்ட் 14

வாயாடி,

மன்னிப்பைக் கத்தரித்துப் பர்சில் வைத்துக்கொண்டேன். இனி கிடைக்காத பொருள்.

வருவது சுலபமில்லை. இந்த வாசலைத் தாண்டினவர் யாராக இருந்தாலும் திரும்ப உள்ளே வரக்கூடாது என்பது விதி. போட்டியாளர்கள் எங்களை நம்பிப் பூட்டிக்கொண்டிருப்பதே அந்த ஒரு விதியால்தான். நானே அதை மீறினால் நாளைக்கு வாளிக்காரம்மாவுக்கு என்ன பதில் சொல்வேன்? ஃபாரத்தை ரத்து செய்கிறேன் என்று எழுதிக் கையெழுத்திட்டு இதோடு வைத்திருக்கிறேன். வக்கீலம்மாவிடம் கொடு. இது போதாதா என்று கேள்.

கூடவே கறுப்புத் தலையணை உறைக்குள் ஒரு டிஸ்க் இருக்கும். சீசன் தொடங்கும் முன் விளக்கும் ஒலியும் சரியா என்று பார்க்க நான் அந்த நாற்காலியில் உட்கார்ந்து கால் மணி நேரம் உளறியது, ஒரு வெட்டும் இல்லாமல். பார்த்துவிட்டு என்னைத் திட்ட வேறு காரணம் கண்டுபிடி.

அதை எடுக்கச் சமையலறைக்குப் பின்னால் இருக்கும் அலமாரியைத் திறந்தேன். எல்லா சீசன் டிஸ்க்கும் வரிசையாக இருக்கின்றன. இரண்டாவது சீசனும் இருக்கிறது. நர்ஸம்மா. ஆபீஸில் அதை அழித்துவிட்டோம், நினைவிருக்கும். அப்படியானால் உலகத்திலேயே இருப்பது இந்த ஒன்றுதான். கொஞ்ச நேரம் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். அனுப்பவில்லை. அது இப்போது வேண்டாம். அன்றைக்கு ரேட்டிங் கிணற்றில் விழுந்த கல்லாக இருந்தது. நான் சொன்னேன், நீ வெட்டினாய். இரண்டு பேருடைய கையும்தான்.

எதற்கு இதை எழுதினேன் என்று தெரியவில்லை. அடித்தால் உனக்குச் சந்தேகம் வரும், இருந்துவிட்டுப் போகட்டும்.

அண்ணன்


ஆகஸ்ட் 18

அண்ணா,

முதலில் டிஸ்க். "கோபம்தான் இருக்கு, நிதானம் இல்ல." மடமடவென்று தண்ணீர் குடிக்கிறாய். "அவளால கம்பெனிய நடத்த முடியாது. அவ கையில குடுத்தா ஒரே வருஷத்துல பூட்டுப் போட வேண்டியதுதான். இதெல்லாம் எங்கப்பா சொன்னது. பதினாலு வருஷமாச்சு. அவதான் நடத்துறா. நான் சும்மா வாட்ச்மேன்." மூன்று முறை போட்டுக் கேட்டேன். வக்கீலம்மா பக்கத்தில் இருந்ததால் மூக்கைச் சிந்தாமல் சமாளித்தேன். அப்பாவுக்குத்தான் கொடுத்துவைக்கவில்லை.

அடுத்து, உன் ரத்துக் கடிதம். கம்பெனிச் செயலாளரிடம் கொடுக்கப் போனோம். அவன் பதினெட்டு வைத்த ஆள். "சார் வெளியூர்ல இருக்காரு", "சார் மீட்டிங்ல இருக்காரு", கடைசியில் "சீல் இல்லாம வாங்க மாட்டோம்." அவர்களுக்குக் கையெழுத்து வேண்டுமென்றால் வண்டி அனுப்புவார்கள், நம் கையெழுத்து என்றால் சீல் வேண்டும். எழுத்தில் எதை அனுப்பினாலும் வந்து சேராது. ஆள்தான் வர வேண்டும்.

மூன்றாவது. நீ அடிக்காமல் விட்ட அந்த வரிகள்.

நேற்று நர்ஸம்மாவைத் தேடிப் போனேன். தூரமெல்லாம் இல்லை. ஆபீஸுக்குப் பின்னால் இரண்டு தெரு தள்ளி, மூன்றாவது மாடியில், படுத்த படுக்கையாக இருக்கும் ஒரு பெரியவரைப் பார்த்துக்கொள்கிறார். பதிவேட்டில் பெயர் இல்லை, லீவு இல்லை, பாதிச் சம்பளம். நான் போனபோது அவருக்குக் கால் நகம் வெட்டிக்கொண்டிருந்தார்.

"யாரு? ஓ, நீயா. உக்காரு. ஐயா, காலை ஆட்டாதீங்க, விரல் போயிடும்."

நலமா என்றேன்.

"நல்லா இருக்கேன். வயசானவங்களப் பார்த்தா எரிச்சலா வரும்னு சொன்னவ, இவரோட ரெண்டு வருஷமா இருக்கேன். எப்படின்னு இவரைத்தான் கேக்கணும்." பெரியவர் சிரித்தார். என்னால் உட்கார முடியவில்லை.

'வயசானவங்கள ஹோம்ல கொண்டாந்து விட்டுட்டு எட்டிக்கூடப் பார்க்காத பிள்ளைங்க இருக்காங்களே, அவங்களப் பார்த்தா எனக்கு எரிச்சலா வரும்.' மனசு அறையில் அவர் சொன்னது அது. முதல் வார்த்தையையும் கடைசி நான்கு வார்த்தையையும் நான் ஒட்டினேன். வெள்ளிக்கிழமை ஒளிபரப்பானது, திங்கட்கிழமை முதியோர் இல்லத்தில் வேலை போனது. பிறகு எந்த ஆஸ்பத்திரியும் எடுக்கவில்லை.

என்ன செய்ய வேண்டும் என்று கேட்டேன். "பணம் குடுத்தா வாங்கிப்பேன். வேணாம்னு சொல்ற நிலைமையில நான் இல்ல. ஆனா அதுக்கு முன்னாடி நான் பேசினத முழுசா போடுங்க. அதே வெள்ளிக்கிழமை, அதே நேரம். எங்க மாமியார் அந்த டிவி முன்னாடி உக்காந்துதான் பார்த்தாங்க. அன்னைக்கு அப்புறம் என் கையால ஒரு வாய் தண்ணி வாங்கிக் குடிக்கல. இப்பவும் அதே டிவி முன்னாடிதான் உக்காந்திருக்காங்க."

பதினெட்டு நமக்குச் செய்தது புதிதாக ஒன்றுமில்லை அண்ணா. நாம் அந்த அம்மாவுக்குச் செய்ததை நம்மிடமே ஆள் எடுத்து நமக்குச் செய்தான். நமக்காவது வக்கீல் இருந்தார்.

25ஆம் தேதி காலை பத்து மணி. நீயும் வா, அந்த டிஸ்க்கும் வரட்டும்.

தங்கை


ஆகஸ்ட் 21

வாயாடி,

வருகிறேன்.

பின்வாசல் வழியாகப் பதுங்கிப் போகப்போவதில்லை. எல்லோரையும் கூடத்தில் உட்காரவைத்து விஷயத்தைச் சொன்னேன். தோற்றுப்போகிறவர்கள் போகிற அதே முன்வாசல் வழியாக, பெட்டியோடு, கேமரா ஓட ஓடத்தான் போகப்போகிறேன். கண்டக்டர் கேட்டார்: "சார், ஓட்டுப் போட்டு வெளிய அனுப்புறாங்களா, நீங்களா போறீங்களா?" "நான்தாங்க ஓட்டுப் போடப் போறேன்" என்றேன். அவர் கையைத் தூக்கி விசில் அடித்தார், வண்டி எடுக்கச் சொல்வதுபோல. வாளிக்காரம்மா அழுதார். அவருக்கு என்னைப் பிடிக்கும் என்று அன்றுதான் தெரிந்தது.

உள்ளே திரும்ப மாட்டேன். கேட்டுக்கு வெளியே கூடாரம் போட்டு, திரைகளை அங்கே வைத்து மிச்ச நாளை நடத்திக்கொள்கிறேன். விதி விதியாகவே இருக்கட்டும்.

அந்தப் பதினெட்டிடம் ஒன்று சொல்லிவை. சட்டையோடு ஸ்வெட்டரும் போட்டுக்கொண்டு வருகிறேன்.

டிஸ்க்கைப் பெட்டியில் வைத்துவிட்டேன். நர்ஸம்மா விஷயத்தை நேரில் பேசுவோம்.

அண்ணன்


ஆகஸ்ட் 27

அண்ணா,

நீ கதவைத் திறந்துகொண்டு வந்தபோது அவன் முகத்தை நீ பார்க்கவில்லை, மூக்குக்கண்ணாடியைத் துடைத்துக்கொண்டிருந்தாய். நான் பார்த்தேன். ஃபாரத்தை ஃபைலுக்குள் பாதி நுழைத்த கை அப்படியே நின்றது. "வாங்க வாங்க, ஷூட்டிங் இல்லையா?" என்றான் பாவி. நீ ஸ்வெட்டர் கையை இழுத்துவிட்டு, "இங்கதான் ஷூட்டிங்" என்றாய். வக்கீலம்மா இருமியது சிரிப்பை அடக்க. ஐம்பத்திரண்டுக்கு நாற்பத்தெட்டு. இரண்டு தீர்மானமும் விழுந்தன. செயலாளர் மாறியாயிற்று. பூட்டை மாற்றியாயிற்று. போகும்போது அவன் ரிமோட்டை மேஜையிலேயே விட்டுவிட்டுப் போனான். இருபத்தாறில் வைத்திருக்கிறேன். லைட் ஆட்கள் துண்டைக் கழற்றி உன் நாற்காலியில் போட்டு மரியாதை செய்தார்கள்.

அதைப் பார்க்க நீதான் அங்கே இல்லை. டீயைக்கூடக் குடிக்காமல் பெட்டியைத் தூக்கிக்கொண்டு கிளம்பிவிட்டாய். டிஸ்க் எங்கே என்றேன். "அப்புறம் பேசலாம்" என்றாய். படியிறங்கும்போது, "சேனல்காரன் என்ன சொல்வான்னு யோசிச்சியா? இதுவரைக்கும் வந்த எல்லாரும் வரிசையில நிப்பாங்க" என்றாய். திரும்பிப் பார்க்காமல் சொன்னாய்.

நிற்கட்டும். நிற்க வேண்டியவர்கள் நின்றால் என்ன? அறுபத்திரண்டு பேர் வேலை போகக்கூடாது என்று வாசலைத் தாண்டி வந்தாய். ஒருத்தியின் வேலையைப் பறித்தது யார் கணக்கில் போகும்? அவன் கையில் இருந்தால் கெட்ட கத்தரி, நம் கையில் இருந்தால் நல்ல கத்தரியா? இவ்வளவு சண்டை போட்டு கம்பெனியை மீட்டது அதை அவனைப் போலவே நடத்தவா?

வரும் வெள்ளிக்கிழமை எபிசோடில் அவருக்கு இடம் ஒதுக்குகிறேன். அடுத்த வேனில் டிஸ்க்கை அனுப்பு.

உன் வாயாடி


செப்டம்பர் 1

அண்ணா,

இப்போது நீ கூடாரத்தில் இருக்கிறாய். போன் இருக்கிறது. ஒன்பது முறை அடித்தேன். ஒளிப்பதிவாளர் எடுத்து, "சார் கேட்டுப் பக்கம் போயிருக்காரு" என்றார். உன் இருமல் பின்னால் கேட்டது.

வேன் வந்தது. நாற்பது படுக்கை விரிப்பு, இருபத்துநான்கு தலையணை உறை. ஒவ்வொன்றாக உதறிப் பார்த்தேன். வேன் அக்கா, "என்னம்மா தேடுற, மோதிரமா?" என்றார். ஒரு சட்டைப் பொத்தான்தான் விழுந்தது.

டிஸ்க்கை அனுப்பு.

வாயாடி


செப்டம்பர் 8

அண்ணா,

போன வெள்ளிக்கிழமை போய்விட்டது. வாளிச் சண்டையை நீட்டி அந்த இடத்தை நிரப்பினேன். ஊரே சிரித்ததாம். நான் சிரிக்கவில்லை.

இனி நிரப்ப மாட்டேன். வரும் வெள்ளிக்கிழமை எபிசோடை இன்று முடித்துவிட்டேன். நடுவில் நான்கு நிமிடம் பதினோரு விநாடி இடம் விட்டிருக்கிறேன். அந்த அம்மா அன்று பேசியது சரியாக அவ்வளவு நேரம், வெட்டியவளுக்கு மறக்குமா? டிஸ்க் வந்தால் அவர் பேசுவார். வராவிட்டால் மனசு அறை நாற்காலியைப் போல ஒன்றைப் போட்டு நான் உட்காருவேன். பக்கத்து ஸ்டூலில் தண்ணீர் இருக்கும். என்ன செய்தோம், யார் சொன்னது, யார் வெட்டியது என்று சொல்வேன். சொல்லச் சொல்லத் தண்ணீர் இறங்கும், ஏறாது. ஆனால் நான் சொல்வது வேறு, அவர் வாயால் அவருடைய வார்த்தை வருவது வேறு. அந்த மாமியார் நம்பப்போவது என்னை இல்லை.

நர்ஸம்மாவிடம் வெள்ளிக்கிழமை என்று சொல்லிவிட்டேன். "உங்க அண்ணன் சரின்னுட்டாரா?" என்று கேட்டார். சரி என்றேன். உன் பேரில் நான் சொன்ன பொய் அது ஒன்றுதான், அதை உண்மையாக்கு.

வேன் வியாழக்கிழமை காலை எட்டு மணிக்கு உன் கேட்டுக்கு வரும். அக்காவிடம் பத்து நிமிடம் காத்திருக்கச் சொல்லியிருக்கிறேன்.

டிஸ்க்கை அவர் கையில் கொடு, அண்ணா.